20 நாளில் சுற்றும் நிலவுக்கு மாதம் ஏன் 20 நாள் அல்ல?

வெள்ளவத்தை வாசகி ஒருவர் கேட்கிறார்: "நான் எழுதிவரும் அறிவியல் புனைகதையில் ஒரு கிரகம். அங்கே ஆண்டுக்கு 310¼ நாள். ஒரே நிலவு, 20 நாளில் ஒரு சுற்று. ஆகவே மாதத்துக்கு 20 நாள், ஆண்டுக்கு 15 மாதம், மிஞ்சும் 10 நாள் ஆண்டிறுதி விழா என்று நாட்காட்டி போட்டேன். மாதம் அமாவாசையில் பிறக்க வேண்டும். வாசித்த தோழி, ஒன்பதாம் மாதம் பிறக்கும்போது வானத்தில் பூரணை நிற்குமே என்கிறார். எங்கே பிழை? அறுவடை விழா எப்போதும் பூரணையிலும் அதே பருவத்திலும் வர வழி உண்டா?"

தோழி சொன்னது சரி. நிலவு நட்சத்திரங்களுக்கு நடுவே ஒரு முழு வட்டம் வர எடுக்கும் காலம் ஒன்று. அமாவாசைக்கும் அடுத்த அமாவாசைக்கும் இடைப்பட்ட காலம் வேறொன்று. நிலவு ஒரு சுற்று முடிப்பதற்குள் கிரகமும் தன் சூரியனைச் சுற்றிச் சற்று நகர்ந்துவிடுகிறது. அந்தத் தூரத்தையும் நிலவு ஓடிப் பிடித்தால்தான் மறுபடி அமாவாசை. நம் சந்திரனுக்கும் இதே கதைதான்: சுற்று 27.32 நாள், அமாவாசை இடைவெளி 29.53 நாள்.

கணக்கு எளிது. ஆண்டையும் சுற்றுக்காலத்தையும் பெருக்கி, அவற்றின் வித்தியாசத்தால் வகுங்கள். 310.25 × 20 = 6205; அதை 290.25ஆல் வகுத்தால் 21.378122 நாள். இதுதான் உங்கள் உண்மையான மாதம். எல்லா எண்களும் அந்தக் கிரகத்து நாளில் இருக்க வேண்டும். பூமியின் 24 மணி நேரத்தைக் கலக்கக் கூடாது. நிலவு எதிர்த்திசையில் சுற்றுவதாக எழுதியிருந்தால் வித்தியாசத்துக்குப் பதில் கூட்டுத்தொகையால் வகுக்க வேண்டும். மாதம் 20 நாளுக்கும் குறைந்துவிடும். தசமத்தில் கஞ்சத்தனம் வேண்டாம். 21.4 என்று சுருக்கினால் 39 ஆண்டில் 12 நாளுக்கு மேல் பிசகி, அமாவாசை இருக்க வேண்டிய இடத்துக்குப் பூரணை வந்துவிடும்.

நாளைப் பாதியாக வெட்ட முடியாதே, ஆகவே 21 நாள் மாதமும் 22 நாள் மாதமும் கலந்து வர வேண்டும். எட்டு மாதத்துக்கு 21, 21, 22, 21, 21, 22, 21, 22 என்ற வரிசை நன்றாகப் பொருந்துகிறது. கூட்டிப் பாருங்கள்: நாட்காட்டிப்படி மாதங்கள் முடியும் நாள் 21, 42, 64, 85, 106, 128, 149, 171. உண்மையான அமாவாசைகள் 21.38, 42.76, 64.13, 85.51, 106.89, 128.27, 149.65, 171.02. எந்த இடத்திலும் ஒரு நாளை எட்டும் வித்தியாசம் இல்லை. பூரணை மாதத்தின் 11ஆம் அல்லது 12ஆம் நாளில் விழும். நிலவின் பாதை வட்டம் என்று கொண்டே இதைச் சொல்கிறோம். நீள்வட்டம் என்றால் சற்று முந்தியும் பிந்தியும் வரும்.

இனிப் பருவம். உங்கள் ஆண்டில் 14.5125 மாதம் இருக்கிறது. அந்த அரை மாதத்தைக் கவனிக்காமல் ஆண்டுக்குப் 14 மாதம் என்று விட்டால் 299.3 நாள்தான் வரும். விழா வருடாவருடம் 11 நாள் முன்னே ஓடி, 14 ஆண்டில் நேர் எதிர்ப் பருவத்தில் நிற்கும். ரமழான் எல்லாப் பருவங்களையும் சுற்றி வருவது இப்படித்தான். அது அந்த நாட்காட்டியின் விதி, குறையல்ல. ஆனால் அறுவடை விழாவுக்கு அது சரிவராது. கொழும்பின் ஆடிவேல் விழாவைப் பாருங்கள்: ஆடி என்பது சூரியன் தரும் மாதம், பூரணை சந்திரன் தரும் நாள். இரண்டையும் கட்டிவைத்திருப்பதால் விழா பருவத்தை விட்டு அதிகம் நகர்வதில்லை.

உங்கள் கிரகத்தில் அந்தக் கட்டு, அதிக மாதம்: சில ஆண்டுகளில் மட்டும் கூடுதலாகச் சேர்க்கும் ஒரு மாதம். கொழும்பில் விடுமுறைப் பட்டியலைப் பார்ப்பவர்களுக்கு 'அதி' என்ற முன்னொட்டோடு வரும் போயா (பூரணை விடுமுறை) தெரிந்திருக்கும், அதே வேலைதான். நம் வானத்தில் 19 ஆண்டுக்கு 235 மாதம், அதாவது 7 அதிக மாதம். பிசகு இரண்டு மணித்தியாலம் அளவே. உங்களுக்கு 39 ஆண்டுக்கு 566 மாதம், 20 அதிக மாதம். ஒற்றைப்படை ஆண்டுகளுக்கெல்லாம் 15 மாதம், இரட்டைப்படைக்கு 14. அப்போது 39ஆம் ஆண்டும் அடுத்த சுற்றின் முதலாம் ஆண்டும் அடுத்தடுத்து 15 மாத ஆண்டுகளாகும். ஒரு தலைமுறைக்கு ஒரு முறை வரும் இந்த இரட்டை நீள ஆண்டைக் கதையில் விட்டுவிடாதீர்கள். வரிக்கும் வட்டிக்கும் கருவுற்ற பெண்ணின் மாதக் கணக்குக்கும் அங்கே சிக்கல் வரும்.

566 மாதத்துக்கு 12,100 நாள் வேண்டும். எட்டு மாத வரிசையை இடைவிடாமல் ஓட்டினால் 12,098 நாள்தான் வரும். எனவே 19ஆம் ஆண்டிலும் 39ஆம் ஆண்டிலும் ஒரு 21 நாள் மாதத்தை 22 ஆக்கிவிடுங்கள். விழா பருவத்துக்குள் ஏறத்தாழ ஒரு மாத அகலத்தில் ஊசலாடும். அதற்கு மேல் இறுக்க முடியாது. பூரணையை விடச் சம்மதித்தால்தான் முடியும்.

கிழமையை (வாரத்தை) மட்டும் நிலவோடு கட்டாதீர்கள். மாதத்துக்கு மூன்று கிழமை என்று ஆசை வரும், 21 அருகில்தானே இருக்கிறது! இலங்கை 1966 முதல் 1971 வரை ஞாயிறு விடுமுறையை விட்டு, நிலவின் நான்கு கட்டங்களிலும் வரும் போயா விடுமுறைக்கு மாறியிருந்தது. 29.53ஐ நாலால் வகுத்தால் 7.38, கிழமைகள் ஒரே நீளத்தில் அமையவில்லை, வெளிநாட்டு வணிகத்தோடும் ஒத்துப்போகவில்லை. உங்கள் ஏழு நாள் கிழமை தனியே ஓடட்டும்.

கடைசியாக, எழுதி முடித்த அத்தியாயங்கள். பஞ்சாங்கக்காரர் கலியுகத் தொடக்கத்திலிருந்து நாட்களைக் கலிதினமாக எண்ணுவது போல, ஓர் அமாவாசையைச் சுழியமாக வைத்து ஒவ்வொரு காட்சிக்கும் தொடர்நாள் எண் கொடுங்கள். எக்செல்லில் அந்த எண்ணை 21.378122ஆல் வகுத்து வரும் மீதிதான் அன்றைய நிலவின் வயது. 2,500ஆம் நாள் என்றால் 116 மாதம் கழிந்து மீதி 20.14. அன்று நள்ளிரவில் நிலா வெளிச்சத்தில் கதிர் அறுப்பதாக எழுத முடியாது. விடிவதற்குச் சற்று முன் கிழக்கே ஒரு மெல்லிய கீற்று மட்டும் தெரியும்.