அண்ணன் வாய்தா வாங்கிக்கொண்டே இருந்தால் என்ன செய்வது?

கேள்வி: அப்பா விட்டுப்போன ஒன்றரை ஏக்கர் நஞ்சை, கன்னடியன் கால்வாய்ப் பாசனம். பாகம் கேட்டு 2016இல் அம்பாசமுத்திரம் சார்பு நீதிமன்றத்தில் வழக்குப் போட்டேன். நிலத்தில் வாழை போட்டு அனுபவிப்பது அண்ணன்தான். முதலில் ஆஜராகாமல் எக்ஸ்பார்ட்டி ஆனார் (அவர் இல்லாமலே வழக்கு நடக்கும்படி ஆனது), பிறகு அதை ரத்து செய்ய மனுப் போட்டார். அப்புறம் வாய்தா மேல் வாய்தா. என்னைக் குறுக்கு விசாரணை செய்ய வேண்டிய நேரத்தில், அப்பா உயில் எழுதியதாகச் சொல்லி எதிர்வழக்குரையைத் திருத்த மனுப் போட்டார். அது தள்ளுபடியானதும் மதுரை உயர்நீதிமன்றக் கிளைக்குச் சீராய்வு மனுப் போயிருக்கிறார். அதனால் இங்கே எதுவும் நகரவில்லை. இன்னொரு பிரதிவாதியான என் அக்கா இரண்டு மாதம் முன்பு தவறிவிட்டார். வக்கீல் ஃபீஸுக்கும் வழியில்லை. விட்டுவிடலாமா?
- ஒரு வாசகி, வீரவநல்லூர்

பதில்: விட்டுவிடாதீர்கள், சகோதரி. ஆனால் அண்ணனைப் பற்றிப் பேசும் முன் உங்கள் அக்கா விஷயத்தை முடியுங்கள். பிரதிவாதி இறந்தால் 90 நாளுக்குள் அவருடைய வாரிசுகளை வழக்கில் சேர்க்க மனுப் போட வேண்டும். தவறினால் அவர் அளவில் வழக்கு அற்றுப்போகும். அதை நீக்க ஒரு மனு, தாமதத்தை மன்னிக்க ஒரு மனு, அவற்றுக்கு ஆட்சேபணை என்று இன்னும் பல மாதங்கள் போகும். இந்தத் தாமதம் உங்கள் பக்கத்தால் வந்ததாகத்தான் எழுதப்படும். இறப்புச் சான்றிதழையும் வாரிசுகளின் பெயர், முகவரியையும் எடுத்துக்கொண்டு இந்த வாரமே வக்கீலைப் பாருங்கள்.

அடுத்தது மதுரை. சீராய்வு மனுப் போட்டதாலேயே கீழ்க்கோர்ட் விசாரணை நிற்காது. உயர்நீதிமன்றம் தடை கொடுத்தால்தான் நிற்கும். உரிமையியல் நடைமுறைச் சட்டம் 115ஆவது பிரிவிலேயே இது இருக்கிறது. தடை உத்தரவு இருக்கிறதா என்று முதலில் பாருங்கள். இல்லையென்றால், விசாரணையைத் தொடரும்படி உங்கள் வக்கீல் அம்பாசமுத்திரத்தில் கேட்க வேண்டும். தடை இருந்தால், அதை நீக்க மதுரையில் நீங்கள்தான் மனுப் போட வேண்டும். ஆறு மாதத்தில் தடை தானாகவே காலாவதியாகிவிடும் என்று யாராவது சொன்னால் நம்பி இருந்துவிடாதீர்கள். 2018இல் உச்ச நீதிமன்றம் அப்படிச் சொன்னது உண்மைதான். 2024 பிப்ரவரியில் ஐந்து நீதிபதிகள் அமர்வு அதை மாற்றிவிட்டது.

உயில் திருத்தத்தைப் பற்றி ரொம்பக் கலங்க வேண்டாம். விசாரணை தொடங்கிய பிறகு திருத்தம் கேட்பவர், உரிய கவனத்தோடு இருந்தும் முன்பே சொல்ல முடியவில்லை என்று காட்ட வேண்டும். அப்பா எழுதிய உயில் கூடவே இருந்த மகனுக்கு இத்தனை வருஷம் தெரியாமல் போனது எப்படி என்ற கேள்விக்கு அவர் பதில் சொல்லியாக வேண்டும்.

இனி நான் அழுத்திச் சொல்ல நினைப்பது. உங்கள் அண்ணனுக்கு இந்தத் தாமதத்தால் நஷ்டமே இல்லை. ஒவ்வொரு வருஷமும் வாழைத்தார் வெட்டுவது அவர், பணம் அவர் கையில். வழக்கு எத்தனை வருஷம் இழுத்தாலும் அவருக்கு வரவுதான். பெண்பிள்ளைகள் பாகம் கேட்கும் பல வழக்குகளில் நடக்கிற அநியாயம் இது. அங்கே கை வைக்காமல் ‘சீக்கிரம் முடியுங்கள்’ என்று மட்டும் கேட்டுக்கொண்டிருந்தால் பலன் கம்மி. உங்கள் பாகத்துக்கு உரிய வருமானத்தை வழக்கு முடியும்வரை கோர்ட்டில் கட்டச் சொல்லி இடைக்கால மனுப் போடச் சொல்லுங்கள். நிலத்தைக் கோர்ட் சார்பில் பார்த்துக்கொள்ள ரிசீவர் நியமிக்கவும் கேட்கலாம், ஆனால் அதற்கு நீதிமன்றங்கள் எளிதில் இறங்குவதில்லை. பிராதில் வருமானக் கணக்கு கேட்டிருக்கிறதா என்பதையும் பார்த்துவிடுங்கள். நிலத்தின் பரப்பு, கால்வாய்ப் பாசனம், அடங்கலில் (கிராமப் பயிர்ப் பதிவேடு) உள்ள பயிர் விவரம், பக்கத்து வயலின் குத்தகைத் தொகை எல்லாம் மனுவுக்குப் பலம்.

அதேபோல் வாய்தாவுக்கும் அவர் விலை கொடுக்கட்டும். விசாரணையின்போது ஒரு தரப்புக்கு மூன்று வாய்தாவுக்கு மேல் கூடாது என்பது சட்டம். நடைமுறையில் இதைக் கண்டுகொள்வதில்லை என்பது உங்களுக்கே தெரியும். ஆனால் உரிமையியல் நடைமுறைச் சட்டம் 35பி பிரிவில் தாமதத்துக்கான செலவுத்தொகை போட வைத்தால், அடுத்த வாய்தாவில் அதைக் கட்டாமல் அவர் தன் தரப்பை மேலே நடத்த முடியாது. எந்தத் தேதியில் யார் வாய்தா கேட்டார்கள் என்று ஒரு தாளில் எழுதி வக்கீலிடம் கொடுங்கள். உங்கள் வழக்குக்கென்று உள்ள சி.என்.ஆர். எண்ணைப் போட்டால் இ-கோர்ட்ஸ் செயலியில் தேதிகள் கிடைக்கும். அதில் உங்கள் பக்கம் வாங்கியவையும் இருக்கும், அதற்கும் தயாராக இருங்கள்.

அண்ணன் நிலத்தை விற்றுவிடுவாரோ என்ற பயம் இருந்தால், வழக்கு நடக்கும்போது வாங்குகிறவரையும் தீர்ப்பு கட்டுப்படுத்தும். முதல்நிலைத் தீர்ப்பாணை வந்ததும் ஓய்ந்துவிடாதீர்கள். அது உங்கள் பங்கு எவ்வளவு என்று மட்டும்தான் சொல்லும். கோர்ட் நியமிக்கும் கமிஷனர் வந்து அளந்து, இறுதித் தீர்ப்பாணை ஆன பிறகுதான் வயல் கைக்கு வரும்.

ஃபீஸ் விஷயம். பெண் என்பதாலேயே, வருமானம் எவ்வளவு என்று பார்க்காமல், உங்களுக்கு இலவச சட்ட உதவி உண்டு. சட்டப்பணிகள் ஆணைக்குழு சட்டத்தின் 12ஆவது பிரிவு அந்த உரிமையைத் தருகிறது. அம்பாசமுத்திரம் நீதிமன்ற வளாகத்தில் வட்ட சட்டப்பணிகள் குழு எங்கே என்று கேட்டு, வழக்கு எண்ணோடு மனுக் கொடுங்கள். அக்காவின் வாரிசு மனுவுக்கே அங்கிருந்து வக்கீல் கேட்கலாம்.