எஜமானரா, மனசாட்சியா என்ற நிலை வந்தால் ஒரு சாமுராய் என்ன செய்வார்?

இந்தக் கேள்விக்குப் பெரும்பாலும் 47 ரோனின் கதையைத்தான் சொல்வார்கள். ரோனின் என்றால் எஜமானர் இல்லாத சாமுராய். அவர்கள் இறந்துபோன எஜமானருக்காகப் பழி வாங்கியவர்கள். அவர்களுடைய விசுவாசமும் மனசாட்சியும் ஒரே பக்கம்தான் நின்றன. நீங்கள் கேட்கும் சிக்கலுக்கு நான் சொல்ல விரும்புவது ஓஷியோ ஹெய்ஹாச்சிரோவை.

ஜப்பானின் ஒசாகா நகரில், நாட்டை ஆண்ட படைத்தலைவரான ஷோகனின் அரசின் கீழ் காவல் அதிகாரியாக இருந்த சாமுராய் இவர். ஊழல் அதிகாரிகளைப் பிடித்துப் பெயர் வாங்கியவர். 1830இல் வேலையை விட்டுவிட்டு, வீட்டிலேயே பள்ளி நடத்தினார். சீன அறிஞர் வாங் யாங்மிங்கின் வழியைப் பின்பற்றியவர். ஒன்றைத் தெரிந்துகொண்டும் செய்யாமல் இருந்தால் அது தெரிந்ததாகவே ஆகாது என்பது அந்த வழி. ஆபத்தான படிப்புதான்!

1833இல் டெம்போ பஞ்சம் தொடங்கியது. ஒசாகா நாட்டின் பெரிய அரிசிச் சந்தை. அங்கேயே ஜனங்கள் பட்டினியில் செத்தார்கள். நகர நிர்வாகியோ அரிசியை ஷோகனின் தலைநகரான எடோவுக்கு (இன்றைய டோக்கியோ) கப்பலேற்றிக்கொண்டிருந்தார். ஓஷியோ முறையிட்டுப் பார்த்தார், பலிக்கவில்லை. தன் புத்தகங்களையெல்லாம் விற்று ஏழைகளுக்குப் பணம் கொடுத்தார். அதுவும் எத்தனை நாளுக்கு?

1837இல் ஆயுதம் எடுத்தார். அவருடைய அறைகூவலைப் படித்தால், கோபமெல்லாம் அதிகாரிகள் மீதும் அரிசியைப் பதுக்கிய பணக்கார வணிகர்கள் மீதும்தான். ஷோகனை வீழ்த்தப்போவதாக அதில் இல்லை. செஞ்சோற்றுக் கடனை மறந்ததாக அவர் நினைக்கவே இல்லை என்றுதான் எனக்குத் தோன்றுகிறது. அந்தச் சோறு விவசாயி கொடுத்த வரி அரிசி என்பது அவருக்குத் தெரியும்.

ஆனால் அவரைக் கொண்டாடவும் எனக்கு மனம் வரவில்லை. கலகம் தவறு என்று நேருக்கு நேர் சொன்ன ஒரு மாணவரை ஓஷியோ தரப்பினரே கொன்றார்கள். கூட இருந்தவர்களே காட்டிக்கொடுத்ததால் கலகம் அவசரமாகத் தொடங்கி, அன்றே அடங்கியது. அவர்கள் வைத்த தீயில் நகரத்தில் ஏறத்தாழ ஐந்தில் ஒரு பங்கு எரிந்தது. யாருக்காகக் கிளம்பினாரோ அந்த ஏழைகளின் வீடுகளும் அதில் போயின.

ஒரு மாதத்துக்கு மேல் ஒசாகாவிலேயே ஒளிந்திருந்தார். அரசு ஆட்கள் சூழ்ந்ததும், வீட்டுக்குத் தீ வைத்துவிட்டு வளர்ப்பு மகனோடு இறந்தார். அப்படியும் அரசு விடவில்லை. கருகிய உடலை உப்பில் பதப்படுத்தி வைத்திருந்து, அடுத்த ஆண்டு சிலுவையில் ஏற்றியது. அதற்குள் கஷிவசாக்கி என்ற ஊரில் இன்னொருவர் ஓஷியோவின் பெயரைச் சொல்லிக்கொண்டு கலகம் செய்து முடித்திருந்தார்.