மக்காச்சோள ரொட்டி மகளுக்கு ஆகுமா?

கேள்வி: அக்கா, என் மகளுக்கு ஏழு வயசு. ரத்தப் பரிசோதனை, எண்டோஸ்கோப்பி எல்லாம் பார்த்து சீலியாக் நோய் என்று சொல்லிவிட்டார்கள். கோதுமை, மைதா, ரவை எல்லாம் நிறுத்தியாச்சு. பட்டாளத்தில் இருந்த என் வீட்டுக்காரர், பஞ்சாபில் சாப்பிட்ட மக்காச்சோள ரொட்டியைச் செய்து கொடுக்கச் சொல்கிறார். கோதுமையில் இருக்கிற, இவளுக்கு ஆகாத குளூட்டன் என்ற புரதம் அதிலும் உண்டு என்கிறார் மைனி. கொடுக்கலாமா?
- ஒரு வாசகி, தக்கலை

பதில்: கொடு தங்கச்சி. மக்காச்சோளப் புரதத்தை மாட்டுத்தீவன வியாபாரத்தில் 'கார்ன் குளூட்டன்' என்பார்கள். மைனி அதைத்தான் கேட்டிருப்பார். பேர்தான் ஒன்று, புரதம் வேறு. இந்த நோய்க்காரர் குடலைப் புண்ணாக்குவது கோதுமை, பார்லி, ரை ஆகிய தானியங்களில் இருக்கும் குளூட்டன்.

எனக்குப் பயமெல்லாம் மாவு மில்லில்தான். என் தங்கை மகளுக்கும் இதே நோய். வீட்டுக்குள் கோதுமையே கிடையாது, ஆனாலும் மூன்று மாதமாக வயிற்றுப்போக்கு நிற்கவில்லை. ஒருநாள் நானே மில்லில் போய் நின்றேன். முன்னால் நின்றவர் கோதுமை திரித்துவிட்டுப் போனார். அதே மிஷினில் எங்கள் சோளத்தைக் கொட்டினார்கள். முதல் இரண்டு பிடி மாவு வெளுப்பாக விழுந்தது, அதற்குப் பிறகுதான் மஞ்சள் வந்தது. பிள்ளை இத்தனை நாள் தின்றது அதைத்தான் என்று நினைத்தபோது எனக்கு அழுகை வந்துவிட்டது. அன்றே மில்லை விட்டோம். இப்போது சோளத்தை இரவு முழுக்க ஊறவைத்து, வடித்து, நிழலில் உலர்த்தி, மிக்ஸியில் கொஞ்சம் கொஞ்சமாகப் பொடிக்கிறோம். சல்லடையும் புதுசு வாங்கு. பழைய கண்ணியில் கோதுமை மாவு ஒட்டியிருக்கும்.

கடை மாவு வாங்கினால் 'குளூட்டன் இல்லாதது' என்று அச்சடித்த பாக்கெட்டாகப் பார். கிலோவுக்கு 20 மில்லிகிராமுக்கு மேல் குளூட்டன் இருந்தால் அப்படி அச்சடிக்கக் கூடாது என்பது நம் நாட்டுச் சட்டம்.

குளூட்டன் இல்லாததால் மாவு இழுபடாது, ஓரம் வெடிக்கும். கொதிநீர் விட்டுப் பிசைந்து, வாழையிலையில் வைத்துக் கையால் தட்டு. பஞ்சாபிலேயே சிலர் வெடிக்காமலிருக்கக் கோதுமை மாவு கலப்பதுண்டு. அதனால் ஹோட்டல் ரொட்டி பிள்ளைக்கு வேண்டாம். அங்கே கடுகுக்கீரை வைத்துச் சாப்பிடுவார்கள், நமக்கு முருங்கையிலைத் துவரன் போதும். அதே மாவில் தேங்காய்ப்பூ போட்டுப் புட்டும் அவிக்கலாம்.

கார்ன்ஃப்ளேக்ஸை மட்டும் நம்பாதே. பலதில் பார்லி மால்ட் சேர்க்கிறார்கள். பெருங்காய டப்பாவையும் இன்றைக்கே திருப்பிப் பார். கூட்டுப் பெருங்காயம் பலதில் கோதுமை மாவோ மைதாவோ இருக்கும். எங்கள் வீட்டு ரசத்தில் அது வெகுநாள் இருந்தது.