டெல்லி கணேஷ் 400 படங்களுக்கு மேல் நடித்தும் ஏன் பெரிய நாயகனாகவில்லை?

கேட்டவர் குறும்படத்தில் நண்பன் வேடம் கிடைத்து நொந்துபோன ஒரு தம்பி என்று நானாக நினைத்துக்கொண்டு எழுதுகிறேன். நான் சினிமா விமர்சகன் இல்லை, மண்டபத்துப் பக்கம் ஐஸ் கம்பெனியில் கணக்கு எழுதுகிறவன். சண்டைக்கு வராதீர்கள்.

முதலில், அவர் நாயகனாக நடிக்காமல் இல்லை. 'எங்கம்மா மகாராணி' (1981) படத்தில் அவர்தான் நாயகன். எங்கள் தெருவில் அதைப் பார்த்தவர் ஒருவரும் இல்லை, நானும் பார்க்கவில்லை. வல்லநாட்டுக்காரர், விமானப்படையில் பத்து வருடம் வேலை பார்த்தவர், டெல்லியில் நாடகம் போட்டவர். பாலசந்தரின் 'பட்டினப்பிரவேசம்' (1977) வழியாக சினிமாவுக்கு வந்தபோது வயது முப்பதைத் தாண்டிவிட்டது. 2024 நவம்பரில், 80 வயதில் இறந்தார். 47 வருடம் ஒரு மனுஷனைத் தேடித் தேடி வேடம் வந்தால் அதற்குத் தோல்வி என்றா பெயர்?

எனக்கு ஏன் இவ்வளவு ரோஷம் என்றால், 93 ஆடியில் எங்கள் ஊர் முளைப்பாரிக்கு சமூக நாடகம் போட்டோம். கதாநாயகன், விசைப்படகு முதலாளி மகன். எனக்குக் கணக்குப்பிள்ளை, டாக்டர், கடைசியில் இன்ஸ்பெக்டர் என்று மூன்று வேடம். நோட்டீஸில் நன்கொடையாளர் பெயரெல்லாம் கொட்டை எழுத்தில் போட்டு, என்னை 'மற்றும் பலர்' ஆக்கிவிட்டார்கள். அன்றைக்குக் கச்சான் காற்று, திரையே நிற்கவில்லை. இன்ஸ்பெக்டராக மேடை ஏறியதும் ஸ்பிரிட் கம் விட்டுப்போய் மீசை ஒரு பக்கம் தொங்க, அதைப் பார்த்த கதாநாயகனுக்கு வசனம் மறந்து, வாயைத் திறந்தபடி நிற்கிறான். நான் மீசையைப் பிய்த்துச் சட்டைப்பையில் போட்டுக்கொண்டு, "மீசை இல்லாமலே கைது பண்ணுவேன், நீ உங்க அம்மா சத்தியத்தைச் சொல்லி முடி" என்றேன். அம்மா சத்தியம்தான் அவன் மறந்த வசனம். கூட்டம் விசிலடித்தது. மறுநாள் டீக்கடையில் அந்த மீசை யோசனைக்காகப் பாராட்டிக்கொண்டிருந்தார்கள், அவனை.

அதற்குப் பிறகுதான் டெல்லி கணேஷைக் கவனித்துப் பார்க்க ஆரம்பித்தேன். 'சிந்து பைரவி'யில் (1985) அவர்தான் மிருதங்கக்காரர் குருமூர்த்தி. குடித்துவிட்டுக் கச்சேரிக்கு வர, படத்தின் நாயகனான பாடகர் ஜே.கே.பி. அவரை விரட்டுகிறார். பின்னால் அதே ஜே.கே.பி. குடித்து விழும்போது நமக்கு அந்த மிருதங்கக்காரர் முகம்தானே ஞாபகம் வருகிறது? அவர் நின்ற இடத்தை வைத்துத்தான் இவர் விழுந்த ஆழம் தெரிகிறது. நாயகனுக்குக் கிடைத்த கைதட்டலில் பாதி குருமூர்த்திக்குச் சேர வேண்டியது என்பேன். நான்தான் அப்படிப் பார்க்கிறேனோ என்னமோ.

'மைக்கேல் மதன காமராஜன்' (1990) படத்தைத் திருவிழாவில் டெக் எடுத்துப் போட்டார்கள். நெல்லைச் சீமைக்காரர், சமையல்கார மணி ஐயராகப் பாலக்காட்டுத் தமிழில் வெளுத்து வாங்குகிறார், ஊரே சிரிக்கிறது. சாம்பாரில் மீன் விழுந்து எல்லாரும் பதறுகிற காட்சியில் எங்கள் அப்பத்தாவுக்கு மட்டும் சிரிப்பு வரவில்லை. "அது என்ன மீனுடா? எடுத்துட்டுச் சாம்பாரைக் கொட்ட வேண்டியதுதான?" என்று கேட்டது. மணி ஐயர் கேட்டிருந்தால் மூர்ச்சையாகியிருப்பார். முந்தின வருடம்தான் அதே ஆள் 'அபூர்வ சகோதரர்கள்' படத்தில் கொலைகாரக் கும்பலில் ஒருவர். அப்பத்தாவிடம் சொன்னேன், நம்பவில்லை. பிறகு டிவி தொடர்களில் தினம் அவரைப் பார்க்க ஆரம்பித்ததும் எங்கள் அம்மா, ஏதோ பெரியப்பாவைப் பற்றிப் பேசுவது போல, "அந்த மனுஷன் இந்தக் கதையில நல்லவரா கெட்டவரான்னு இன்னும் பிடிபடல" என்று கவலைப்படும்.

அப்புறம், கேள்விக்குச் சம்பந்தமில்லைதான், இருந்தாலும் சொல்லிவிடுகிறேன். அந்த நாடகத்துக்கு மேக்கப் செலவு என்று விழாக் கமிட்டி என்னிடம் 50 ரூபாய் வாங்கியது, வசூல் வந்ததும் தருவதாக. கதாநாயகனிடம் வாங்கவில்லை. ஒட்டாத மீசைக்கு நான் ஏன் காசு கொடுக்க வேண்டும்?