டன்ஜன்ஸ் அண்ட் டிராகன்ஸ் ஆட்டத்தில், பாசிவ் பெர்செப்ஷன் (தேடாமலே கண்ணிலும் காதிலும் படுவதற்கான எண்) 17 உள்ள திருடன் எல்லாப் பொறியையும் கண்டுபிடித்துவிடுகிறான். அந்த எண்ணைத் தூக்கி எறிந்துவிட்டு எல்லோரையும் பகடை உருட்டச் சொல்லலாமா?

தூக்காதீர்கள். நான் தூக்கிப் பார்த்தவன், அதனால்தான் எழுதுகிறேன்.

ஆளுக்கொரு கதாபாத்திரமாகப் பகடை உருட்டி ஆடும் இந்த ஆட்டத்தின் ஐந்தாம் பதிப்பை நீங்கள் நடத்துகிறீர்கள், டிஎம் (கதையைச் சொல்லி ஆட்டத்தை நடத்துபவர்) ஆகிச் சில மாதம்தான் ஆகியிருக்கும் என்று நினைக்கிறேன். ராத்திரி உட்கார்ந்து வரைந்த பொறியை ஒருவர் வாசலில் நின்றபடியே கண்டுபிடித்தால் வலிக்கும்தான். எனக்கும் வலித்தது.

கடலூர் மஞ்சக்குப்பத்தில், எங்கள் வீட்டு மொட்டை மாடியில் ஞாயிறு மாலை ஆடுகிறோம். ஆடுகிற நான்கு பேரில் ஒருத்தி என் சித்தி மகள். அவளுடைய கதாபாத்திரமான வன எல்ஃப் ரேஞ்சர் (காட்டு வேட்டைக்காரி) நான்காம் லெவலுக்கு வந்ததும், 2014 புத்தகத்தில் உள்ள அப்சர்வன்ட் ஃபீட்டை (கவனத்தைக் கூட்டும் சிறப்புத் திறன்) எடுத்தாள். அவளுடைய பாசிவ் பெர்செப்ஷனுக்கு அடிப்படை 10, விஸ்டம் என்ற குணத்துக்கு 3, புரஃபிஷியன்சி என்ற பயிற்சிக்கு 2, ஃபீட்டுக்கு 5. மொத்தம் 20. மற்றவர்கள் சண்டைக்கு உதவுவதை எடுத்தபோது அவள் இதை எடுத்தாள்.

அரிக்கமேட்டை மனதில் வைத்து ஒரு சாகசம் எழுதியிருந்தேன். 1945இல் தொல்லியலாளர் வீலர் தோண்டிய, ரோமானிய மதுச்சாடித் துண்டுகள் கிடைத்த அந்த ஆற்றங்கரை. அதே மாதிரி இடிந்த செங்கல் சுவர், பின்னால் 6 காப்ளின்கள் (குட்டி அரக்கர்கள்). அவற்றின் ஸ்டெல்த், அதாவது பதுங்கலுக்கான உருட்டல், 17 வந்தது. அவளுடைய 20க்கு முன்னால் 17 நிற்காது. பதுங்கல் வீணாகிவிடுமே என்று ‘எல்லோரும் பெர்செப்ஷன் உருட்டுங்க’ என்றேன். அவளுக்கு 3 விழுந்தது, விஸ்டமும் புரஃபிஷியன்சியும் தரும் ஐந்தைச் சேர்த்தால் 8. நாலாவது சுற்றில் ரேஞ்சர் செத்துப்போனாள்.

‘அண்ணா, அப்போ அந்த 20ஐ எதுக்கு எழுதி வச்சிருக்கேன்?’ என்று கேட்டுவிட்டுத் தாளை மடித்து வைத்தாள். இரண்டு மாதம் வரவில்லை.

ராத்திரிக் காட்சிதானே, மங்கல் வெளிச்சத்துக்கு 5 கழியுமே என்று யாராவது வரலாம். அன்று முழுநிலா, எல்ஃபுக்கு டார்க்விஷன் (இருட்டுப் பார்வை) உண்டு, கழியாது. டிஎம் சொன்னால் உருட்டத்தான் வேண்டும் என்பீர்கள். அந்த உரிமையை நான் மறுக்கவில்லை. ஆனால் 17ஐ எட்ட அவளுக்கு இருபது முகப் பகடையில் 12 அல்லது அதற்கு மேல் விழவேண்டும், வாய்ப்பு 45 சதவீதம். கட்டாயம் கண்ணில் பட்டிருக்க வேண்டியதைக் காசு சுண்டுவதைவிட மோசமாக்கிவிட்டேன்.

அவள்தான் எனக்குப் புரியவைத்தாள். சித்தப்பா துறைமுகத்தில் படகு வைத்திருக்கிறார். திண்ணையில் படுத்திருந்தாலும், முகத்துவாரத்தில் எஞ்சின் சத்தம் கேட்டதும் யார் படகு என்று சொல்லிவிடுவார். ‘அப்பா காதைத் தீட்டிக்கிட்டா படுத்திருக்கார்? அதுதான் என் 20’ என்றாள். அதே சித்தப்பா டீசல் எங்கே ஒழுகுகிறது என்று தேடும்போது டார்ச்சோடு குனிந்து தடவிப் பார்ப்பார். ஒருநாள் கிடைக்கும், ஒருநாள் கிடைக்காது. பகடை அதற்குத்தான்.

இப்போது நாலு பேர் எண்ணையும் ஒரு சீட்டில் எழுதி என் பக்கம் வைத்துக்கொள்கிறேன். பொறியின் டிசி (கண்டுபிடிக்க எட்ட வேண்டிய எண்) 15, உங்கள் திருடனுக்கு 17 என்றால் சொல்லிவிடுங்கள். ஆனால் கண்ணில் பட்டதை மட்டும் சொல்லுங்கள்: ‘மூன்றாவது கல்லில் மட்டும் தூசி இல்லை.’ அது என்ன செய்யும் என்று அவர் ஆராய்ந்தால் இன்வெஸ்டிகேஷன் (துப்பறிதல்), அது இன்டெலிஜென்ஸ் (புத்தி) கணக்கு, அங்கே உருட்டட்டும். வெளிச்சத்தையும் பாருங்கள். தீப்பந்தத்துக்கு முதல் 20 அடிதான் நல்ல வெளிச்சம், அடுத்த 20 அடி மங்கல். திருடன் மனிதன் என்றால் அங்கே அவன் 17 வெறும் 12தான். பயணத்தில் மேப் வரைகிறவரின் பாசிவ் எண் ஆபத்தைக் கவனிப்பதில் சேராது என்பதும் 2014 புத்தகத்து விதியிலேயே இருக்கிறது. அப்புறம், தேடி உருட்டிக் குறைவாக விழுந்தாலும் பாசிவ் எண்ணுக்குக் கீழே நான் இறக்குவதில்லை. இதை ஒப்பாதவர்கள் உண்டு, எனக்கு இதுதான் நியாயமாகப் படுகிறது.

பகடை என்றதும் இதையும் சொல்லிவிடுகிறேன். முன்பு புதுச்சேரியில் ஒரு காபிக் கடையில்தான் ஆடினோம். ஒருநாள் மேலாளர் வந்து ‘இங்கே சூதாட்டம் கூடாது’ என்று எழுப்பிவிட்டார். மேசையில் ஒரு ரூபாய் கிடையாது, ஐந்து காபிக்கும் பணம் கொடுத்திருந்தோம். பாட்டிமார் தாயக்கட்டை உருட்டிய ஊர் இது, இருபது முகப் பகடையைப் பார்த்தால் மட்டும் ஏன் இந்தச் சந்தேகம்? மொட்டை மாடிக்கு வந்தது அதனால்தான். அக்டோபர் மழை பிடித்தால் டிசம்பர் வரை ஆட்டம் நின்றுவிடுகிறது. அந்தக் கோபம் இன்னும் போகவில்லை.

சரி, அவள் புதுக் கதாபாத்திரத்தோடு திரும்பி வந்துவிட்டாள். போன வாரம் படகில் போகும்போது, ‘இடது கரையில் சுரபுன்னைப் பக்கம் மட்டும் கொக்குகள் அடங்கவில்லை’ என்று சொல்லி நிறுத்தினேன். துடுப்பை நிறுத்தச் சொன்னாள். ‘இப்போ உன்னிப்பா கேட்கிறேன் அண்ணா’ என்று அவளே பகடையை எடுத்தாள்.