முதலில் நீங்கள் படியுங்கள்: வாசகர் கேள்வி பதில்

இந்த மாதம் வந்த கடிதங்களில் பாதிக்கு மேல் ஒரே மாதிரி. மகளுக்கு என்ன புத்தகம் கொடுக்கலாம், அப்பாவுக்கு என்ன கொடுக்கலாம், மருமகனுக்கு என்ன கொடுக்கலாம். தனக்கு என்று கேட்டவர்கள் ரொம்பக் குறைவு. சில கடிதங்களுக்கு மட்டும் இங்கே பதில் சொல்லியிருக்கிறேன், முதல் பதில் கொஞ்சம் நீளமாகப் போய்விட்டது.

கணவர் இறந்து ஒன்றரை வருடம் ஆகிறது. பிளஸ் ஒன் படிக்கும் மகள் சர்ச்சுக்கு வருவதை நிறுத்திவிட்டாள். ‘அவ்வளவு ஜெபம் பண்ணியும் அப்பா போயிட்டாரே’ என்கிறாள். தன்னம்பிக்கைப் புத்தகம் இரண்டு வாங்கிக் கொடுத்தேன், பிரிக்கக்கூட இல்லை. விசுவாசத்தைத் திரும்பக் கொண்டுவருகிற மாதிரி ஒரு புத்தகம் சொல்லுங்களேன். (வாசகி, சாத்தூர்)

அம்மா, விசுவாசத்தைத் திரும்பக் கொண்டுவரும் புத்தகம் என்று எதையும் என்னால் சொல்ல முடியவில்லை. சொன்னாலும் அவள் முதல் பக்கத்திலேயே கண்டுபிடித்துவிடுவாள், பதினாறு வயதுப் பிள்ளைகளுக்கு அது நன்றாகத் தெரியும். கோபமாக இருக்கிறவளிடம் ‘கோபப்படாதே’ என்று சொல்லும் புத்தகத்தைக் கொடுத்தால் அது மூலையில்தான் கிடக்கும். கோபப்பட்ட இன்னொருத்தி எழுதியதைக் கொடுத்துப் பாருங்கள். பாமாவின் ‘கருக்கு’, 1992-இல் வந்தது.

உங்கள் விருதுநகர் மாவட்டத்துக்காரர்தான். தலித் கிறிஸ்தவக் குடும்பம். பூசையும் ஜெபமுமாக வளர்ந்து, படித்து, ஏழைப் பிள்ளைகளுக்கு ஏதாவது செய்யலாம் என்று கன்னியர் மடத்தில் சேர்ந்து, அங்கேயும் சாதி பார்க்கப்படுவதைக் கண்டு மனம் வெந்து வெளியே வந்தவர். கையில் வேலை இல்லை, திரும்பிப் போனால் ஊர் என்ன சொல்லுமோ என்ற பயம், அந்த நிலையில் உட்கார்ந்து எழுதிய புத்தகம் அது. சாவைப் பற்றியது அல்ல, உங்கள் மகளின் துக்கமும் அவருடைய துக்கமும் வேறு வேறு. ஆனால் நம்பி ஏமாந்த ஒரு மனசு கடவுளைப் பற்றியும் கோவிலைப் பற்றியும் எதையும் மறைக்காமல் பேசினால் எப்படி இருக்கும் என்று அவளுக்குத் தெரியவரும். இப்படிப் பேசலாம், பேசினால் வானம் இடிந்து விழாது என்று தெரிவதே அந்த வயதில் பெரிய ஆறுதல்.

அதில் ஒரு இடம். மூன்றாம் வகுப்புப் படிக்கிற சிறுமி பள்ளிக்கூடம் விட்டு வேடிக்கை பார்த்துக்கொண்டே வருகிறாள். அவர்கள் தெருப் பெரியவர் ஒருவர் எண்ணெய்க்கறை படிந்த ஒரு பொட்டலத்தை, அதில் கட்டிய நூலை மட்டும் பிடித்துத் தூக்கிக்கொண்டு வருகிறார். அவளுக்குச் சிரிப்புத் தாங்கவில்லை, இப்படித் தூக்கினால் அவிழ்ந்து வடை கீழே கொட்டிவிடாதா? அவர் முதலாளியிடம் போய்க் குனிந்து அதை நீட்டுகிறார். வீட்டில் அண்ணனிடம் சொல்லிச் சிரிக்கிறாள், அண்ணன் சிரிக்கவில்லை. அவர் கை பட்டால் தீட்டு, அதனால்தான் நூலைப் பிடித்துத் தூக்கினார் என்று விளக்குகிறான். அவ்வளவு வயதான மனுஷர், அவ்வளவு சின்னப் பொட்டலம். இதைப் படித்த அன்றைக்கு எனக்கு ராத்திரிச் சாப்பாடு இறங்கவில்லை.

பேச்சுவழக்கிலேயே எழுதியது, உங்கள் பக்கத்துப் பேச்சு, அதனால் அவளுக்குச் சிரமம் இருக்காது. ஒன்று மட்டும் கேட்கிறேன். அவளிடம் கொடுப்பதற்கு முன்னால் நீங்கள் படியுங்கள். அடுப்படியில் வைத்துப் படியுங்கள், அவள் கண்ணில் படட்டும். ‘இதைப் படி’ என்று நீட்டாதீர்கள். அப்புறம் இன்னொன்று, அவள் சர்ச்சுக்கு வராததைவிட அப்பாவைப் பற்றி வீட்டில் பேச்சே இல்லாமல் போனதுதான் அவளுக்குப் பெரிய வலியோ என்று உங்கள் கடிதத்தைப் படிக்கும்போது தோன்றியது. மூன்று பக்கக் கடிதத்தில் அவர் எப்படிப்பட்டவர் என்று ஒரு வரிகூட இல்லை. நான் நினைப்பது தப்பாக இருந்தால் மன்னியுங்கள்.

தம்பி என்று தூக்கி வளர்த்த பிள்ளை, தான் பெண் என்று சொல்லி ஆறு மாதமாகிறது. எனக்கு இப்போது அவள் தங்கைதான். அப்பா அவளோடு ஒரே வீட்டில் இருந்துகொண்டு ஒரு வார்த்தை பேசுவதில்லை. அவர் மனசு மாற என்ன கொடுக்கலாம்? (பெயர் வேண்டாம், திருச்சி)

‘எனக்கு இப்போது அவள் தங்கைதான்’ என்ற வரியைத் திரும்பத் திரும்பப் படித்தேன். நீங்கள் பக்கத்தில் இருக்கும்வரை அந்தப் பிள்ளைக்கு வீடு இருக்கிறது.

திருநங்கையான லிவிங் ஸ்மைல் வித்யா தன் கதையை எழுதிய ‘நான் வித்யா’ 2007-இல் வந்தது. அவரும் திருச்சிதான். அதில் வருகிற அப்பாவை உங்கள் அப்பாவுக்கு அடையாளம் தெரியும் என்று நினைக்கிறேன். பிள்ளை கலெக்டர் ஆக வேண்டும் என்று கனவு கண்டவர், அந்தக் கனவுக்காகவே அடித்துப் படிக்க வைத்தவர். வித்யா முதுகலை வரை படித்தும் வீட்டை விட்டுப் போய் ரயிலில் கைநீட்ட வேண்டிவந்தது. அவ்வளவு படித்த பிள்ளைக்கு ஏன் அந்த நிலைமை என்ற கேள்வி, படிக்கிற எந்த அப்பாவையும் ஒரு நிமிஷமாவது நிறுத்தும். அந்தப் பக்கங்கள் கடினமானவை, நீங்களும் தங்கையும் முதலில் படித்துவிட்டு அப்பாவுக்குத் தரலாமா என்று முடிவு பண்ணுங்கள். முடிவு தங்கையுடையதாக இருக்கட்டும்.

அப்பாவிடம் இதையும் சொல்லுங்கள்: அந்தப் புத்தகம் வந்தபோது இருந்த நிலைமை இன்றைக்கு இல்லை. அடுத்த வருடமே, 2008-இல், தமிழ்நாட்டில் திருநங்கையருக்கு நல வாரியம் வந்தது. 2014-இல், தன் பாலினம் எது என்று சொல்லும் உரிமை அவரவருக்கே என்று உச்ச நீதிமன்றம் தீர்ப்புச் சொன்னது. ‘பிள்ளையின் எதிர்காலம் போச்சே’ என்ற பயத்தில்தான் பல அப்பாக்கள் வாயை மூடிக்கொள்கிறார்கள்.

முஸ்லிம் குடும்பத்தில் மகளைக் கட்டிக் கொடுத்திருக்கிறோம், காதல் திருமணம். அவர்கள் வாழ்க்கையைத் தெரிந்துகொள்ளத் தமிழில் நாவல்கள் உண்டா? (வாசகர், ஈரோடு)

நல்ல நாவல்கள் உண்டு. ஆனால் நாவலைப் படித்துவிட்டுச் சம்பந்தி வீட்டைப் புரிந்துகொண்டதாக மட்டும் நினைத்துவிடாதீர்கள், அவர்கள் வேறு ஊர், வேறு மனுஷர்கள். நோன்புக் கஞ்சி குடிக்க ஒருநாள் போய்விட்டு வந்தால் அதில் தெரிவது எந்த நாவலிலும் இல்லை.

தோப்பில் முகமது மீரானின் ‘ஒரு கடலோர கிராமத்தின் கதை’யில் தொடங்குங்கள். 1988-இல் புத்தகமானது. குமரி மாவட்டத்துத் தேங்காய்ப்பட்டணத்துக்காரர், மலையாளம் கலந்த அந்தக் கரைப் பேச்சு முதல் இருபது பக்கம் உங்களைத் தடுக்கும், பிறகு காதில் கேட்க ஆரம்பித்துவிடும். ஊரை ஆட்டிவைக்கும் முதலாளி, மதத்தின் பெயரால் ஏமாற்றுகிற, ‘தங்கள்’ என்று அழைக்கப்படும் மதப் பெரியவர், அங்கே ஒரு பள்ளிக்கூடம் வருவதற்கு இருக்கும் எதிர்ப்பு எல்லாம் அதில் உண்டு. தன் மக்கள் மீது அவ்வளவு பிரியம் இருப்பவரால்தான் அவ்வளவு கண்டிப்பாக எழுத முடியும். அவருடைய ‘சாய்வு நாற்காலி’க்கு 1997-இல் சாகித்ய அகாதமி விருது கிடைத்தது.

பெண்கள் பக்கம் தெரிய வேண்டுமானால் சல்மாவின் ‘இரண்டாம் ஜாமங்களின் கதை’, 2004. வயதுக்கு வந்ததும் பள்ளிக்கூடத்திலிருந்து நிறுத்தப்பட்டவர் எழுதியது. வீட்டுக்குள்ளேயே நடக்கிற கதையை ராபியா என்ற சிறுமி பார்த்துக்கொண்டே இருக்கிறாள். உங்கள் மனைவிக்கும் கொடுங்கள், வீட்டுக்குள் அடைபட்ட கதை ஒரு மதத்தோடு நிற்பதில்லை என்று அவரே சொல்வார்.

உ.வே.சா.வின் ‘என் சரித்திரம்’ பெரிதாக இருக்கிறதே, எங்கிருந்து தொடங்குவது? (வாசகர், மன்னார்குடி)

தனக்காகக் கேட்ட அபூர்வமான வாசகர் இவர்! 1940 முதல் ஆனந்த விகடனில் வாராவாரம் வந்தது, 1942-இல் அவர் காலமானதால் நின்றுபோனது. அதனால் வாரம் ஒரு அத்தியாயம் என்றே படியுங்கள். அவசரமென்றால் 1880-இல் கும்பகோணத்தில் சேலம் இராமசாமி முதலியாரைச் சந்திக்கும் இடத்தைத் தேடிப் பிடியுங்கள். இத்தனை வருடம் படித்ததையெல்லாம் உ.வே.சா. அடுக்குகிறார், முதலியார் அசையாமல், ஜைனக் காப்பியமான சீவக சிந்தாமணி படித்ததுண்டா என்று கேட்கிறார். படித்ததில்லை. சைவ மடத்தில் வளர்ந்த இளைஞர் அதற்குப் பிறகு ஜைனர்களின் வீட்டு வாசலில் போய், அவர்கள் மதத்தை அவர்களிடமே பணிவாகக் கேட்டுக் கற்று, 1887-இல் அந்த நூலைப் பதிப்பிக்கிறார். அப்புறம் முதல் பக்கத்துக்குத் திரும்புங்கள். மகனுக்கு ஆசிரியர் கிடைக்க வேண்டும் என்பதற்காக ஊர் ஊராகக் குடிபெயர்ந்த அந்த அப்பாவை விட்டுவிடாதீர்கள்.

இதெல்லாம் வாங்கக் காசு வேண்டாமா? (வாசகி, அறந்தாங்கி)

வேண்டும்தான். ‘என் சரித்திரம்’ மதுரைத் திட்டம் இணையதளத்தில் இலவசமாகவே இருக்கிறது, செல்போனிலேயே படிக்கலாம். மற்றவற்றுக்கு உங்கள் ஊர் நூலகரிடம் புத்தகப் பெயரைத் தாளில் எழுதிக் கொடுங்கள். இல்லை என்றால் அடுத்த வாரமும் போய்க் கேளுங்கள்.