குளித்த நாய் ஏன் மறுநாளே நாறுகிறது?

கேள்வி: குலசேகரத்தில் வசிக்கிறோம். எங்கள் ஜெர்மன் ஷெப்பர்டை மாலையில் குளிப்பாட்டி நன்றாகத் துவட்டிவிடுகிறோம். மறுநாளே புழுங்கல் நாற்றம் அடிக்கிறது. வாலடியைக் கடித்துக்கொண்டே இருக்கிறது. ஷாம்புவை மாற்ற வேண்டுமா?

பதில்: முதலில் காயவைக்கும் முறையை மாற்றுங்கள். இந்த இனத்துக்கு மேலே முரட்டு முடியும், தோலை ஒட்டி அடர்ந்த உள்முடியும் இருக்கின்றன. மேல்முடி விரைவில் காய்ந்து நம்மை ஏமாற்றிவிடும். உள்முடியில் தங்கிய ஈரமோ மணிக்கணக்கில் தோலின்மீதே நிற்கும். தோலில் இயல்பாக வாழும் பாக்டீரியாவும் மலசீசியா என்னும் ஈஸ்ட்டும் அந்தப் புழுக்கத்தில் பெருகுகின்றன, நாற்றம் அதனால்தான். குமரி மாவட்டத்துக்கு இரண்டு பருவமழையும் உண்டு. கொடியில் துணியே காயாத நாளில் நாய் தானாகக் காய்ந்துவிடாது.

குளியலுக்கு முன்பே உதிர்ந்த உள்முடியைச் சீவி எடுங்கள். சிக்கு நனைந்தால் இறுகிவிடும். மாலைக் குளியல் வேண்டவே வேண்டாம். வெயில் ஏறும் காலை நேரமே நல்லது. குளித்ததும் கையால் நீரை வழித்துவிட்டு, நாயை உதற விடுங்கள். பிறகு நம் ஊர்த் துவர்த்து (துண்டு) இரண்டு மூன்றை எடுத்து அழுத்தி ஒற்றுங்கள். தேய்த்தால் முடி சிக்காகும்.

அடுத்தது காற்று. நாய்களுக்கான புளோயர் இருந்தால் சிறப்பு. நம் தலைமுடி டிரையர் என்றால் குறைந்த சூட்டில், ஓரிடத்தில் நிறுத்தாமல் காட்டுங்கள். இன்னொரு கை எப்போதும் தோலருகே இருக்கட்டும், உங்கள் கைக்குச் சுட்டால் அதற்கும் சுடும். மின்விசிறியும் போதும், நேரம்தான் கூடும். எதுவானாலும் முடியை எதிர்த்திசையில் பிரித்துப் பிரித்துத் தோலுக்குக் காற்றுப் படச் செய்யுங்கள். வாலடி, தொடையின் பின்புறம், காதுக்குப் பின்னால், கழுத்துப்பட்டை படும் இடம் ஆகியவைதான் கடைசியில் காயும். பட்டையை அதுவரை மாட்டாதீர்கள். டிரையரை நிறுத்திச் சற்றுப் பொறுத்து, முடியைப் பிரித்துப் புறங்கையால் தொடுங்கள். சில்லென்று இருந்தால் இன்னும் ஈரம் இருக்கிறது.

வாலடியைக் கடிப்பதற்குத் தெள்ளுப்பூச்சியும் காரணமாகலாம். நெருக்கமான சீப்பால் வாரி, விழும் கருந்துகளை ஈரமான வெள்ளைத் தாளில் வையுங்கள். செம்பழுப்பாகக் கரைந்தால் அது தெள்ளின் எச்சம். அதற்கான மருந்து தேவை. தோல் சிவந்து நீர் கசிந்தால் மஞ்சளோ தேங்காய் எண்ணெயோ பூசாமல் கால்நடை மருத்துவரிடம் அன்றே காட்டுங்கள். இத்தகைய புண் சில மணி நேரத்திலேயே பரவும்.